இறக்காத சித்தப்பாவுக்குப் பதினோரு மலர்வளையங்கள்

மொக்போ,
செவ்வாய்க்கிழமை, பள்ளி விட்டு வந்தவுடன்.

இன்றுவரை உயிரோடிருக்கும் மதிப்பிற்குரிய ஜின்-சிக் சித்தப்பா அவர்களுக்கு,

அண்ணன் மகன் ஹன்சோல் இரண்டு கைகளையும் தரையில் ஊன்றி, நெற்றி தரையில் பட வணங்கி எழுதுவது. இங்கு அப்பா, அம்மா, நான் மூவரும் நலம். தங்கள் நலமறிய ஆவல். இந்த வரியை மற்றவர்கள் பழக்கத்துக்காக எழுதுவார்கள். நான் மனதறிந்து எழுதுகிறேன். ஏனென்றால் போன சனிக்கிழமை காலை ஒன்பதரையிலிருந்து பகல் ஒன்றே கால் வரை தாங்கள் நலமா என்பது அல்ல, இருக்கிறீர்களா என்பதே நம் குடும்பத்தில் பேச்சாக இருந்தது. இருக்கிறீர்கள் என்று தெரிந்த பிறகு நிலைமை இன்னும் மோசமாகிவிட்டது. அதற்காகத்தான் இந்தக் கடிதம்.

இந்தக் காலத்தில் காகிதத்தில் எழுதுகிறானே, பையனுக்குப் புத்தி வந்துவிட்டதோ என்று மகிழ வேண்டாம். என் போன் அப்பாவின் பீரோவில் பூட்டியிருக்கிறது, உங்கள் போனோ மூன்று நாளாக அணைந்திருக்கிறது. தவிர, எங்கள் வீட்டிலிருந்து போகும் எந்தச் செய்தியையும் இப்போது யாரும் திறப்பதில்லை. நேற்று அப்பா எங்கள் மலர்வளையக் கடையின் முன்பக்கத்திலிருந்து பின்பக்கத்துக்கு "டீ" என்று ஒரே ஒரு சொல் அனுப்பினார். அம்மா எட்டிப் பார்த்து, "எதுவா இருந்தாலும் வாயால சொல்லுங்க. உங்ககிட்ட இருந்து மெசேஜ் வந்தாலே எனக்கு ஒப்பாரி கேக்குது" என்றாள். காகிதம் பத்திரமானது சித்தப்பா. எங்கே தொட்டாலும் எதுவும் திறக்காது.

நடந்ததை முதலிலிருந்து சொல்லிவிடுகிறேன். நான் சொல்லாவிட்டால் சுன்சொன் அத்தை சொல்வாள்; அவள் சொன்னால் அதில் நான் இன்னும் கெட்டவனாக இருப்பேன். "இரும்புக் கோட்டை நான்கு" என்று ஒரு கம்ப்யூட்டர் விளையாட்டு வந்திருக்கிறது. என் வகுப்பில் எல்லோரும் கோட்டைக்குள் போய்விட்டார்கள், நான் மட்டும் அகழிக்கு இந்தப்பக்கம் நிற்கிறேன். என் நண்பன் ஓக்-ஜுன் இதற்கெல்லாம் ஒரு தத்துவம் வைத்திருக்கிறான்: "காசு கொடுத்து வாங்குறவன் விளையாட்டு ஆடுறான்டா. கொடுக்காம வாங்குறவன்தான் விளையாட்டுக்காரன்." அவன் காட்டிய ஓரிடத்தில் ரொம்ப மலிவாக ஒரு சாவி வாங்கினேன். சாவி என்றால் விளையாட்டைத் திறக்கும் எழுத்தும் எண்ணுமான அந்த நீளச் சரம். ஆறு நாள் நன்றாக ஓடியது. ஏழாம் நாள், யாரோ ஒருவருடைய திருட்டு அட்டையில் வாங்கிய சாவி இது, ரத்து செய்கிறோம் என்று திரையில் வந்தது. கோட்டையின் மூன்றாவது மதிலை அப்போதுதான் ஏறியிருந்தேன் சித்தப்பா. ஏணியோடு தள்ளிவிட்டார்கள். ஓக்-ஜுனிடம் போய் அழுதேன். அவன், "சாவியை ஏன்டா வாங்குறே? சாவி செய்ற மெஷினையே எடுத்துக்க, சும்மா கிடைக்குது" என்று இன்னோர் இடத்தைக் காட்டினான். இலவசம் என்று நினைத்தேன். பிறகு பார்த்தால் நம் வீடே முகம் தெரியாத எவனோ ஒருவன் வசம்.

அந்தப் பக்கத்தில் கொட்டை எழுத்தில் முதல் கட்டளை: ஆன்டிவைரஸை அணைக்கவும், அது வீணாகக் குரைக்கும். முகம் தெரியாத ஒருவன் "உங்க நாயைக் கட்டிப்போட்டுட்டுக் கதவைத் திறந்து வைங்க, ஒரு சாமான் கொடுக்கணும்" என்றால் பாலர் பள்ளிப் பிள்ளைகூட கதவைச் சாத்தும். நான் திறந்தேன். அதற்கு என் அப்பாவும் ஒரு காரணம். அப்பா வங்கிக் கணக்கைத் திறக்க உட்காரும்போதெல்லாம் பக்கத்தில் நானும் உட்கார்ந்திருக்கிறேன். விசைப்பலகைக்கு ஒரு காவல், சான்றிதழுக்கு ஒரு காவல், அந்தக் காவல்களுக்கு ஒரு காவல் என்று ஒன்பது நிரல்கள் வரிசையாக வந்து, உள்ளே வரலாமா, வரலாமா என்று கேட்கும். அப்பா சொல்வார், "எது கேட்டாலும் ஆமாம்னு அமுக்கு. படிச்சுக்கிட்டு உக்காந்தா பூ வாடிடும்." பிறந்ததிலிருந்து இந்த நாட்டில் நாம் செய்வது அதுதானே? ஒன்பது காவல்காரர்களுக்கு ஆமாம் சொன்ன விரல், பத்தாவதாக வந்த திருடனுக்கும் ஆமாம் சொல்லிவிட்டது. இதைச் செய்தது கடையில் ரிப்பன் அச்சடிக்கும் கம்ப்யூட்டரில். மலர்வளையத்து ரிப்பனுக்கு எதற்கு இவ்வளவு பெரிய மெஷின் என்று அம்மா கேட்டபோது "எழுத்து தெளிவா விழும்" என்று அப்பாவைச் சொல்ல வைத்ததும் நான்தான். அதையும் இங்கேயே ஒப்புக்கொள்கிறேன், ஒரே கடிதத்தில் எல்லாம் தீர்ந்துவிடட்டும்.

திரையில் ஒரு கறுப்புச் சன்னல் மின்னி மறைந்தது. ஒரு சாவி வந்தது. விளையாட்டு நாற்பது நிமிடம் ஓடி நின்றுவிட்டது. அவ்வளவுதான். அதன்பின் பத்து நாள் ஒன்றுமே நடக்கவில்லை; மெஷினின் விசிறி மட்டும் மாடியேறி வந்தவன்போல் மூச்சு வாங்கியது. அப்பா "தூசி" என்று சொல்லி அதைத் துடைத்தார். எனக்கு மட்டும் கால் ஓரிடத்தில் நிற்கவில்லை. வகுப்பில் மேசை ஆடுகிறது என்று என்னை இடம் மாற்றிவிட்டார்கள்.

சனிக்கிழமை காலை ஒன்பதரைக்கு அப்பாவின் மெசஞ்சரிலிருந்து அவருக்குத் தெரிந்த அறுநூற்றுப் பன்னிரண்டு பேருக்கும் ஒரே செய்தி போயிருக்கிறது: "ஆழ்ந்த துயருடன் அறிவிக்கிறோம். எங்கள் குடும்பத்தில் ஒருவர் காலமானார். அஞ்சலிக் கூடம், நேரம் அறியக் கீழே தொடவும்." ஒருவர் என்று இருக்கிறது, யார் என்று இல்லை. அப்பாவுக்கு இது தெரியாது, அவர் குளிரறையில் வெள்ளைச் செவ்வந்தியை எண்ணிக்கொண்டிருந்தார். பத்து மணிக்குக் கடைப் போன் அடிக்கத் தொடங்கியது. முதலில் மீன் சந்தைச் சங்கத்துப் பெக் பெரியவர். போன் ஸ்பீக்கரில் இருந்ததால் நான் முழுதும் கேட்டேன்.

"யோங்-சிக்... எப்படிப்பா தாங்கிக்கிறே?"

"பழகிப்போச்சுங்க. நேத்து ரெண்டு, முந்தாநேத்து மூணு. குளிர் வந்தா இப்படித்தான்."

"மூணா?"

"போன வருஷம் இதைவிட ஜாஸ்திங்க. பெரியவங்க ஆசீர்வாதத்துல குறையொண்ணும் இல்ல."

"மனசைத் தளர விட்டுடாதப்பா. சாப்பிட்டியா?"

"வயிறு முட்டச் சாப்பிட்டேங்க. இன்னிக்கு நாள் நல்லாப் பொறந்திருக்கு."

பெரியவர் மூன்றடுக்கு மலர்வளையம் ஒன்று சொல்லிவிட்டு வைத்துவிட்டார். இப்படியே அரை மணியில் பதினொன்று. யார் இறந்தது என்று அப்பா ஒருவரிடமும் கேட்கவில்லை. அது அவர் தொழில் தர்மம் என்று உங்களுக்குத் தெரியும்: "கேட்டா அழுவாங்க. அழுதா ரிப்பன்ல பேரு தப்பா விழும்." எங்கே அனுப்புவது என்று கேட்டதற்கு, "உனக்குத் தெரியாததா, லிங்க்ல இருக்காம், எனக்குத்தான் திறக்கல" என்றார்கள். தெரியாது என்று சொல்லும் வழக்கம் அப்பாவுக்கு இல்லை; "தெரியும், தெரியும்" என்றார். நான் ரிப்பனில் பெயர்களை அச்சடித்தேன். எல்லாம் நமக்குத் தெரிந்த பெயர்களாக இருந்ததைப் பார்த்து, "ஊர்ல யாரோ பெரிய ஆளு போயிட்டாருடா" என்று அப்பா சந்தோஷமாகக் கம்பியை முறுக்கினார்.

பதினோராவது வளையம் முடிந்தபோது சுன்சொன் அத்தை கூப்பிட்டாள். "யாருடா?" என்றாள். "யாரு யாரு?" என்றார் அப்பா. "செத்தது யாருடா தடியா! செய்தி அனுப்பத் தெரியுது, பேரு போடத் தெரியாதா?" அப்போதுதான் அம்மாவும் தன் போனை நீட்டினாள்: "ஹன்சோல் அப்பா, பக்கத்துலயே நின்னுக்கிட்டு எனக்கு எதுக்கு இதை அனுப்பினீங்க?" அப்பா மூன்று முறை படித்தார். நான் ஒரு முறைதான் படித்தேன், கண்முன் அந்தக் கறுப்புச் சன்னல் மறுபடி மின்னியது. இதற்குள் அத்தை போனிலேயே குடும்ப அட்டவணை போட்டுவிட்டாள். ஒவ்வொருவராகக் கூப்பிட்டுப் பார்த்ததில் எல்லோரும் எடுத்தார்கள், ஒருவர் மட்டும் எடுக்கவில்லை. சித்தப்பா, அந்த ஒருவர் நீங்கள். தவிர நீங்கள் குடிப்பவர், மழையில் நனைபவர், லிஃப்ட் பழுது பார்க்கிறேன் என்று கயிற்றில் தொங்குபவர். வேட்பாளர் வேறு யாரும் நிற்கவில்லை. ஒருமனதாக நீங்களே செத்தீர்கள்.

இதுவரை நான் விளையாட்டாக எழுதிவிட்டேன். இனி வருவதை அப்படி எழுத வரவில்லை. அப்பா கத்தவில்லை, அழவில்லை. குளிரறைக்குப் போய், ஞாயிற்றுக்கிழமைக் கல்யாணம் ஒன்றுக்கு எடுத்துவைத்திருந்த நல்ல பூவையெல்லாம் அள்ளி வந்து, பன்னிரண்டாவதாக ஒன்று கட்ட ஆரம்பித்தார். கம்பி அவர் விரலைக் குத்தியதை அவர் பார்க்கவில்லை. என்னிடம், "ரிப்பன் போடு. 'தம்பிக்கு'ன்னு போடு. அப்புறம்..." என்றார். அப்புறம் என்ன என்று அவருக்கு வரவில்லை. இருபது வருஷமாக ஊருக்கெல்லாம் அந்த வரியைச் சொல்லிக் கொடுத்தவர். நான் "தம்பிக்கு" என்று அடித்துவிட்டு உட்கார்ந்திருந்தேன். பதினோரு நிமிடம் சித்தப்பா, சுவர்க் கடிகாரத்தில் பார்த்தேன். சொன்னால் நான் மாட்டுவேன்; சொல்லாவிட்டால் அவர் அந்தப் பூவைக் கட்டி முடித்துவிடுவார். கடைசியில், "அப்பா, இதை நீங்க அனுப்பல, மெஷின் அனுப்பியிருக்கு, வைரஸ்" என்று பாதி உண்மையைச் சொன்னேன். மீதிப் பாதியை அப்போது விழுங்கிவிட்டேன்.

"அப்ப அவன் எங்கடா?" என்றார் அப்பா. நியாயமான கேள்வி. செய்தி பொய்தான், ஆனால் நீங்கள் போனை எடுக்காதது பொய்யில்லையே.

அப்போதுதான் இன்னும் சித்தி ஆகாத மி-ரான் சித்தி உள்ளே வந்தார். வரும் சனிக்கிழமை சம்பந்தி விருந்துக்காக அப்பாவும் அவரும் எண்ணை மாற்றிக்கொண்டது போன வாரம்தான். செய்தி அவருக்கும் போயிருக்கிறது, நீங்களோ போனை எடுக்கவில்லை. மருந்துக்கடை வெள்ளை அங்கியைக்கூடக் கழற்றாமல் குவாங்ஜுவிலிருந்து ஓட்டிக்கொண்டு வந்திருந்தார். லிங்கை அவர் தொடவில்லை. அழவும் இல்லை. பதினோரு வளையத்தையும் ஒரு பார்வை பார்த்துவிட்டு, "எங்க போன் பண்ணிக் கேட்டீங்க?" என்றார். தேஜோனில் பாதுகாப்புப் பயிற்சி என்று நீங்கள் சொல்லியிருந்தீர்கள் அல்லவா? அங்கே கூப்பிட்டார். அப்படி ஒரு பயிற்சியே இல்லை என்றார்கள். அடுத்து சூஜா தீவின் படகுக்காரர்களை ஒவ்வொருவராகக் கூப்பிட்டார். மூன்றாவது ஆள் சிரித்துக்கொண்டே சொன்னான், "ஜின்-சிக் அண்ணனா? காலைலதான் தூண்டிலோட பாறையில இறக்கிவிட்டேன். பாட்டுப் பாடிக்கிட்டிருந்தாரே!"

மிச்சம் உங்களுக்குத் தெரியும். படகு வந்து உங்களை ஏற்றி, சிக்னல் கிடைத்ததும் வீடியோவில் வந்தீர்கள், கையில் முழங்கை நீள மீனோடு. போன குளிர்காலத்தில் அதே மாதிரிப் பாறையில் வழுக்கி மணிக்கட்டை உடைத்துக்கொண்ட பிறகு, இனிப் பாறைமேல் கால் வைக்க மாட்டேன் என்று சித்தியிடம் சத்தியம் செய்தவர் நீங்கள். அத்தை "ஐயோ, இருக்கான்!" என்று போனில் கத்தினாள். அப்பா கீழே உட்கார்ந்துவிட்டார். சித்தி மட்டும், "இருக்கீங்களா? சரி" என்று சொல்லி வைத்துவிட்டார். கிளம்பும்போது அம்மாவிடம், "சனிக்கிழமை விருந்தைப் பத்தி யோசிக்கணும் அக்கா" என்றார்.

உங்கள் லிஃப்ட் கம்பெனி நண்பர் திரு. தாக்கின் கதை கேட்டீர்களா? அவர் லிங்கைத் தொட்டுப் பார்த்து, ஒன்றும் வராததால் நேரே பெரிய ஆஸ்பத்திரி அஞ்சலிக் கூடத்துக்குப் போய், முதலில் கண்ணில்பட்ட அறையில் நுழைந்து, இறந்தவர் படத்துக்கு இரண்டு முறை விழுந்து வணங்கி, துக்கப் பண உறை கொடுத்து, வந்தவர்களுக்குப் போடும் காரமான மாட்டிறைச்சிச் சூப்பை இரண்டு கிண்ணம் சாப்பிட்டுவிட்டு வந்திருக்கிறார். படம் வேறு ஆளுடையது என்று அவருக்குத் தோன்றியிருக்கிறது. "நோய் ஆளையே மாத்திடுச்சு பாவம்னு நெனச்சேன்" என்கிறார். இப்போது அவர் போனிலிருந்தும் அதே மரணச் செய்தி அவருக்குத் தெரிந்தவர்களுக்கெல்லாம் போய்க்கொண்டிருக்கிறது. நீங்கள் குவாங்ஜுவிலும் செத்துவிட்டீர்கள்.

திங்கட்கிழமை சைபர் போலீஸிலிருந்து நாம் என்ற பெயருள்ள பெண் ஆய்வாளர் வந்தார். அம்மா வயது இருக்கும், சிரிக்கவே இல்லை. வங்கி நிரல்கள் மேல்தான் அப்பாவுக்குச் சந்தேகம்; "அந்த ஒன்பதுல ஒண்ணுதாங்க" என்றார். ஆய்வாளர் திரையை என் பக்கம் திருப்பினார். முகப்பிலேயே இருந்தது, "இரும்புக் கோட்டை சாவி" என்று, நானே வைத்த பெயரில்.

"தம்பி, வீட்டுக்குச் சாவி எங்க வாங்குவீங்க?"

"பூட்டு விக்கிற கடையில."

"தெருவுல போறவன் உங்க வீட்டுக்கு ஒரு சாவி சும்மா தர்றேன்னா?"

"அவன்கிட்டயும் ஒண்ணு இருக்கும்."

"இவ்வளவு தெரியுதுல்ல?" என்றார். தெரிந்துதான் என்ன. அந்த நிரல் பத்து நாளும் சும்மா இருக்கவில்லையாம். சேமித்து வைத்த பாஸ்வேர்டு எல்லாம், வாடிக்கையாளர் முகவரி எல்லாம், அப்பாவின் கையெழுத்துக்குச் சமமான வங்கிச் சான்றிதழ், அடையாள அட்டையின் படம் என்று ஒன்றுவிடாமல் அள்ளி அனுப்பியிருக்கிறது. மெசஞ்சர் தானாகவே திறந்து கிடந்ததால் அதற்குள்ளும் உட்கார்ந்துகொண்டது. "மலர்வளையக் கடைக்காரர்கிட்ட இருந்து சாவுச் செய்தி வந்தா எவன் சந்தேகப்படுவான்? பத்து நாள் பார்த்துட்டுத்தான் எழுதியிருக்கான்" என்றார் ஆய்வாளர். சாவி தேடப் போனவன் சாவைக் கொண்டுவந்திருக்கிறான் என்று ஒரு நகைச்சுவை என் நாக்கு நுனிவரை வந்தது. அப்பா முகத்தைப் பார்த்து, அதையும் விழுங்கினேன்.

அப்பா அடிக்கவில்லை. சான்றிதழை முடக்கி, மெஷினை வெறும் பெட்டியாகத் துடைத்து வைத்தபின், ஒரு பட்டியலைக் கையில் கொடுத்தார். அறுநூற்றுப் பன்னிரண்டு பேரையும் நானே கூப்பிட்டு, யாரும் சாகவில்லை, லிங்கைத் தொடாதீர்கள், தொட்டிருந்தால் போனைப் பழுதுபார்க்கும் கடைக்குக் கொண்டுபோங்கள் என்று சொல்ல வேண்டும். சொல்லிப் பாருங்கள், எவ்வளவு கஷ்டம் என்று தெரியும். ஒரு தாத்தா, "யாரும் சாகலன்னு போன் பண்றவன்தான்டா மோசடிக்காரன், டிவியிலயே சொன்னான்" என்று வைத்துவிட்டார். பெக் பெரியவர், "மூணு பேருமா பொழைச்சுட்டாங்க?" என்று கேட்டார். இன்றோடு நாற்பது ஆகியிருக்கிறது. ஒவ்வொருவரிடமும் காரணத்தையும் சொல்ல வேண்டும் என்பது அப்பாவின் உத்தரவு. மொக்போவில் இப்போது என் பெயர் தெரியாதவர் இல்லை.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். என் சாவியால் உங்கள் கல்யாணம் பூட்டிக்கொள்ளக் கூடாது. அதை நினைத்தால் மறுபடி கால் ஆட ஆரம்பித்துவிடுகிறது. ஆகவே நான் ஒரு வழி யோசித்திருக்கிறேன். அந்த வைரஸ் உங்கள் போனிலும் ஏறிவிட்டது, அதனால்தான் பயிற்சி நிலையத்தில் உங்கள் பெயர் அழிந்துபோனது, படகுக்காரன் குரலும் மீனும் எல்லாமே மோசடிக்காரன் கம்ப்யூட்டரில் செய்தது என்று சித்தியிடம் சொல்லிவிடுங்கள். இந்தக் காலத்தில் முகத்தையே செய்கிறார்கள், மீன் செய்ய மாட்டார்களா? நான் சாட்சி சொல்கிறேன். இந்த ஊரில் இப்போது வைரஸ் பற்றி என்னைவிட அனுபவசாலி யார்? நீங்கள் ஆமாம் என்று மட்டும் சொல்லுங்கள்.

பெரியவர்கள் புண்ணியத்தில் தாங்கள் நூறாண்டு வாழவும், அதில் ஒரு நாள்கூட இனிச் சாகாமலிருக்கவும், குவாங்ஜுக் குளிரில் தொண்டையைக் கவனித்துக்கொள்ளவும் வேண்டி, மீண்டும் தரை தொட்டு வணங்கி முடிக்கிறேன்.

தங்கள் அன்பிற்கு இனித் தகுதியாக முயலும்,
மா ஹன்சோல்

பின்குறிப்பு: மேலே எழுதியதில் "ஒரு வழி யோசித்திருக்கிறேன்" என்பதிலிருந்து எல்லாவற்றையும் மறந்துவிடுங்கள். நான் எழுதி முடிக்கும்போது பின்னால் யாரோ மூச்சுவிடும் சத்தம் கேட்டது. மி-ரான் சித்தி. அப்பாவுக்கு வலிநிவாரணப் பட்டை கொடுக்க வந்தவர், எவ்வளவு நேரமாக நின்று படித்தார் என்று தெரியவில்லை. "மீனும் கம்ப்யூட்டர்ல செஞ்சதா?" என்றார். நான் மேசைக்கடியில் போக இடம் தேடினேன்.

அவர் உட்கார்ந்து, முழுவதையும் மறுபடி முதலிலிருந்து படித்தார். தாக் அண்ணன் சூப் சாப்பிட்ட இடத்தில் சிரித்தார். அப்பா ரிப்பனுக்கு வார்த்தை தேடிய இடத்தில் சிரிக்கவில்லை. பிறகு சொன்னார், "உங்க சித்தப்பாவுக்குப் பொய் சொல்ல நீ வேற சொல்லிக்கொடுக்குறியா? மாசம் ரெண்டு தடவை பயிற்சிக்குப் போறவர், வெயில்ல மூக்கு கருகி வருவாரு. எந்தப் பயிற்சி வகுப்புல மூக்கு கருகும்? மூணு மாசமா எனக்குத் தெரியும். அவரே சொல்லட்டும்னு இருந்தேன்." கடிதத்தை மேசையில் வைத்தார். "கல்யாணமே ஆகாம ஒரு மணி நேரம் விதவையா கார் ஓட்டிட்டு வந்தேன்டா. அந்த நேரத்துல சத்தியம், பாறை எதுவும் ஞாபகம் வரல. ஆளு இருந்தாப் போதும்னு இருந்துச்சு. இருக்கார்னு தெரிஞ்சதும்தான் கோவமே வந்துச்சு."

இந்தக் கடிதத்தைக் கிழித்துவிடவா என்று கேட்டேன். வேண்டாம், அப்படியே போகட்டும் என்கிறார். உறையையும் அவரே ஒட்டப் போகிறாராம். அதற்கு முன் பேனாவைப் பிடுங்கிக்கொண்டார். கீழே இருப்பது என் கையெழுத்து இல்லை.

சனிக்கிழமை விருந்து பகல் பன்னிரண்டு மணிக்கு. என் அம்மா முன்னால், பாறையைப் பற்றி நீங்களே வாயால் சொல்ல வேண்டும். தாமதமானால் நாங்கள் சாப்பிட ஆரம்பித்துவிடுவோம். — மி-ரான்